பலகைக்கு அடியில் – 19: உறவு சொன்னால் நிஜம்

போன வாரம் ஒரு குண்டூசியில் நிறுத்தியிருந்தேன்.

என் தங்கச்சி, சட்டைக்கு அளவு எடுக்கிற சாக்கில், புருஷனின் இடது கைச் சுட்டுவிரலில் ஊசியால் குத்தினாள். அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. "கழுத்துப் பட்டியைக் கொஞ்சம் தளர்த்தி வை" என்று சொல்லிக்கொண்டிருந்தார். விரல் நுனியில் ரத்தம் ஒரு கடுகளவுக்கு வந்து நின்றது. அளக்கிற நாடாவின் ஓரத்தால் அதைத் துடைத்துவிட்டு, "சரி, தளர்த்தறேன்" என்றாள்.

இன்றைக்கு ஞாயிற்றுக்கிழமை. பகல் மூன்று மணிக்கு ஆட்டம்.

நடுவில் வந்து சேர்ந்தவர்களுக்காக ஒரு வார்த்தை. என் தங்கச்சி புருஷன், எங்கள் வீட்டு மாப்பிள்ளை, மல்யுத்தக் காட்சியில் வில்லன். மேடைப்பேர் கருங்கல். என் தம்பி அதே காட்சியில் கதாநாயகன். அவன் வரும்போது அரங்கத்து விளக்கெல்லாம் அணைகிறதனால் அவனுக்கு மின்வெட்டு என்று பேர். தங்கச்சி இரண்டு பேருக்கும் உடை தைக்கிறாள். நான் மேடையைப் பூட்டிக் கழற்றுகிறவன். ஆட்டம் நடக்கும்போது அதற்கு அடியில் உட்கார்ந்திருப்பேன், கம்பி தளர்ந்தால் முறுக்குவதற்கு.

எட்டு மாதமாகக் கருங்கல்லும் மின்வெட்டும் ஜென்ம விரோதிகள். எல்லாம் எழுதிக் கொடுத்த விரோதம். அவர்கள் மாமன் மச்சான் என்பது பார்க்க வருகிற ஜனத்துக்குத் தெரியாது. தெரியாது என்றால், மாப்பிள்ளை குடியிருக்கிற தெருவில் காய்கறி விற்கிற அம்மா, "அந்தப் புள்ளைய நாற்காலியால அடிச்ச கைக்கு நான் தக்காளி நிறுக்க மாட்டேன், போய்யா" என்று சொல்லுகிற அளவுக்குத் தெரியாது. மாப்பிள்ளையும் தலையைக் குனிந்துகொண்டு வந்துவிடுவார். தம்பிதான் அதே அம்மாவிடம் இரண்டு கிலோ தக்காளி வாங்கிக்கொண்டு, கூடவே ஒரு கொத்து கீரையும் இனாமாக வாங்கிக்கொண்டு, பின்வாசல் வழியாக அக்கா வீட்டுக்குள் நுழைவான்.

"இந்தா மாமா, என்னைய அடிச்சதுக்குக் கூலி."

"அடுத்த வாரம் இன்னும் ஓங்கி அடிக்கறேன்டா மச்சான். கேரட் வேணும்."

சிரிப்பு அந்த வீட்டுக்குள் இருக்கும். வாசலைத் தாண்டினால் இருக்காது.

அந்த வீட்டில் ஒரு சட்டம் உண்டு. தம்பி முதன்முதலாக மேடை ஏறிய வருஷம் தங்கச்சி போட்டது. கையில் கத்திரிக்கோலோடு இரண்டு பேரையும் நிற்க வைத்துச் சொன்னாள்: "உள்ள போனா நீங்க ரெண்டு பேரும் எதிரி. எவ்ளோ வேணா திட்டிக்கோங்க, காதுல வாங்க மாட்டேன். ஆனா மாமான்னோ மச்சான்னோ ஒரு வார்த்தை வாயில வந்துச்சு, அது நிஜம். கை ஒடிஞ்சிருக்கு, கால் ஒடிஞ்சிருக்குன்னு அர்த்தம். அந்த நிமிஷமே நிக்கணும்."

பதினோரு வருஷத்தில் இரண்டே தடவைதான் அந்த வார்த்தை மேடையில் வந்தது. ஒரு தடவை தோள் கழன்றதற்கு. இன்னொரு தடவை பல் போனதற்கு. இரண்டு தடவையும், ஏழாயிரம் பேர் கத்துகிற சத்தத்தில், ஆட்டம் பொட்டென்று நின்றது.

* * *

காலை எட்டு மணி. தங்கச்சி வீட்டின் பின்னறை. தையல் மிஷின் ஓடிக்கொண்டிருந்தது. மாப்பிள்ளையின் பூட்ஸ் இரண்டும் மேஜைமேல் கிடந்தன. நாடாவெல்லாம் உருவிவிட்டு, நாடா இருந்த இடத்தில் ஒட்டுப்பட்டை வைத்துத் தைத்துக்கொண்டிருந்தாள்.

"இது எதுக்கு?"

"நாடா கட்ட வரலண்ணே அவருக்கு. நேத்து ஒரு முடிச்சுக்குக் கால் மணி நேரம். நான் பாத்தது அவருக்குத் தெரியாது."

கழுத்து நரம்பு. டாக்டர் ஸ்கேன் படத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, இனிமேல் ஒரு விழுதல்கூடக் கூடாது என்று சொல்லி ஒன்பது நாள் ஆகிறது. தங்கச்சிக்குத் தெரியும், எனக்குத் தெரியும். தம்பிக்குச் சொல்லக் கூடாது என்று மாப்பிள்ளை எங்கள் இருவரிடமும் சத்தியம் வாங்கியிருந்தார். சொன்னால் அவன் பயந்து பயந்து தூக்குவான், பயந்து தூக்குகிற கையில்தான் ஆள் உடைவான் என்பது அவர் கட்சி.

"இந்த ஒரு ஞாயிறு" என்றாராம். "எட்டு மாசம் கட்டின வீடு. கூரை போடாம இறங்க முடியாது."

இவள் கேட்டிருக்கிறாள்: "கடைசியில அவன் தூண் மேலேருந்து தாவுவானே, எந்தக் கையால பிடிப்பீங்க?"

"வலது கை இருக்கு. நெஞ்சு இருக்கு."

"தவறிச்சுன்னா?"

தவறினால் தலைகீழாக வருகிறவன் என் தம்பி. விழுகிற இடம் நான் பூட்டின பலகை.

மேஜை ஓரத்தில் அன்றைய கதைத்தாள் இருந்தது. கதைக்காரர் என்று எங்கள் கம்பெனியில் ஒருவர் இருக்கிறார். கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டுக் கண்ணாடியைத் தேடுகிற மனுஷன். யார் ஜெயிக்க வேண்டும், யார் தோற்க வேண்டும், எந்த இடத்தில் என்ன பேச வேண்டும், எல்லாம் அவர் பென்சிலில் இருக்கிறது. அன்றைக்குப் பெரிய திருப்பம் வைத்திருந்தார்.

அவர் கையெழுத்தை நான் எழுத்துக்கூட்டித்தான் படிப்பேன். விரலை வைத்துக்கொண்டு வாசித்தேன். "மின்வெட்டு தூண் மீது ஏறுகிறான். கருங்கல்லைப் பார்த்து, இதுவரை யாருக்கும் தெரியாத உண்மையைச் சொல்லிக் கூவுகிறான். மா...மா. மாமா. கூட்டம் திகைக்கிறது. கருங்கல் கைகளை விரிக்கிறான். மின்வெட்டு தாவுகிறான்."

"நல்லாத்தான் எழுதியிருக்கார்" என்றேன்.

"ஆங்?" என்றாள் தங்கச்சி. மிஷின் கடகடவென்று ஓடிக்கொண்டிருந்தது.

"ஒண்ணுமில்ல, தை."

அந்த இடத்தில் எனக்குச் சுருக்கென்று பட்டிருக்க வேண்டும். படவில்லை.

* * *

பகல் பன்னிரண்டு மணிக்கு அரங்கம் காலியாக இருக்கும். நாற்காலிகள் மட்டும் வரிசையாக உட்கார்ந்திருக்கும். ஆடுகிறவர்கள் அப்போதுதான் மேடையேறி ஒத்திகை பார்ப்பார்கள். வேர்க்க மாட்டார்கள். அடி எடுத்து வைத்து, கையைக் காட்டி, வாயால் சொல்லிக்கொண்டே போவார்கள், ஜோடியாகக் கணக்குப் பாடம் ஒப்பிக்கிற மாதிரி.

"எட்டாவது நிமிஷம் நீ என்னைத் தூக்கிப் போடற. நான் கெடக்கறேன்."

"ஆமா. பத்தாவது நிமிஷம் நீங்க எழுந்திரிக்கறீங்க, நான் மேல ஏறறேன்."

"ஏறி, அந்த வார்த்தை."

"அந்த வார்த்தை. அப்புறம் தாவல்."

"சரி."

மூலைத்தூணில் கம்பி முறுக்கிக்கொண்டு நானும் கேட்டேன். அந்த வார்த்தையாம். பதினோரு வருஷப் பழக்கம். மேடைமேல் நின்றுகொண்டு மாமா என்று சொல்ல நாக்கு வராமல், ஒத்திகையில்கூட இரண்டு பேரும் அதைத் தாண்டித் தாண்டிப் போனார்கள். ஒரே ஒரு தடவை வாய்விட்டுச் சொல்லியிருந்தால், சொன்னவனுக்கோ கேட்டவருக்கோ தூக்கிவாரிப் போட்டிருக்கும். நிஜத்துக்கென்று ஒதுக்கி வைத்திருந்த ஒரே வார்த்தையைக் கதைக்குக் கொடுத்துவிட்டோம் என்று தெரிந்திருக்கும். யாரும் சொல்லவில்லை.

ஒத்திகை முடிந்து இறங்கும்போது தம்பி பூட்ஸைப் பார்த்துவிட்டான்.

"என்ன மாமா இது, பால்வாடிக்குப் போற புள்ள மாதிரி பட்டை போட்டிருக்கீங்க?"

"உன் அக்கா வச்ச ஃபேஷன்டா. அவகிட்டக் கேளு."

சிரித்துக்கொண்டே அவர் இடது கையை ஜாக்கெட் பைக்குள் நுழைத்துக்கொண்டார். தம்பி என்னைப் பார்த்தான். நான் கம்பியைப் பார்த்தேன்.

* * *

மூன்று மணிக்கு நான் அடியில் இருந்தேன்.

என் வேலை இடத்தை ஒரு தடவை சொல்லிவிடுகிறேன். இரும்புச் சட்டம், அதன்மேல் பதினெட்டுப் பலகை, அதன்மேல் இரண்டு விரல் கனத்துக்கு மெத்தை, அதன்மேல் இழுத்துக் கட்டிய தார்ப்பாய். நாலு பக்கமும் கறுப்புத் துணி தொங்கும். உள்ளே நிமிர்ந்து உட்கார முடியாது. என் கண்ணுக்கு எதுவும் தெரியாது, காதுக்கு எல்லாம் கேட்கும்.

விழுகிறவன், முதுகு தரையைத் தொடுகிற அதே கணத்தில் இரண்டு உள்ளங்கையாலும் தரையை அடிக்க வேண்டும். அடித்தால் விழுகிற கனம் பிரிந்து பலகைக்குப் போய்விடும். மேலேயிருந்து பார்க்கிறவனுக்கு அது ஒரே சத்தம். எனக்கு மூன்று. பட், பட், தொம்.

இருபது வருஷமாகக் கேட்கிறேன். இன்றைக்கும் மயிர் கூச்செறிகிறது. நூற்றுப்பத்துக் கிலோ மனுஷனை ஒருத்தன் தலைக்குமேல் தூக்கி எறிகிறான். ஏழாயிரம் பேர் ஐயோ என்கிறார்கள். எறிகிறவனின் உள்ளங்கை கடைசி நொடிவரைக்கும் அவன் பிடரிக்குக் கீழே ஏந்திக்கொண்டிருந்ததை ஏழாயிரத்தில் ஒருத்தரும் பார்க்கவில்லை. அடிக்கிறவனே மெத்தையாக இருக்கிற தொழில் உலகத்தில் வேறு எங்கே இருக்கிறது? ஜனங்கள் பொய்ச் சண்டை என்கிறார்கள். பொய்யை இவ்வளவு கவனமாகச் செய்கிற நிஜத்தை நான் எங்கேயும் பார்த்ததில்லை.

முதலில் மாப்பிள்ளை வந்தார். கூட்டம் ஊளையிட்டது. அப்புறம் விளக்குகள் அணைந்தன. கறுப்புத் துணிக்குள் இருந்த எனக்கே இருட்டின்மேல் இன்னொரு இருட்டு விழுந்தது. "வெட்டு! வெட்டு! வெட்டு!" என்று ஏழாயிரம் ஜோடிக் கால் தரையை உதைத்தது. என் பலகையெல்லாம் பேச ஆரம்பித்தன. விளக்கு வந்தபோது தம்பி மேடைமேல் இருந்தான்.

ஏழு நிமிஷம் வரைக்கும் எல்லாம் தாளம் தப்பாமல் போனது. திட்டினார்கள். "டேய் பாறாங்கல்லு!" "வாடா மெழுகுவத்தி!" கயிற்றில் மோதித் திரும்பினார்கள். பட் பட் தொம். பட் பட் தொம். மாப்பிள்ளை இடது கையாலும் தரையை நன்றாகவே அடித்தார். மூச்சை விட்டேன்.

எட்டாவது நிமிஷம் தம்பி அவரைத் தூக்கினான். ஒன்பதாம் பலகைக்கு நேர் மேலே.

பட். தொம்.

ஒரு கைதான் அடித்தது.

காதை நம்பாமல் அப்படியே உட்கார்ந்திருந்தேன். சில நொடி கழித்து, தலைக்குமேல், மெத்தைக்கும் பலகைக்கும் ஊடாக, பல்லைக் கடித்துக்கொண்டு சொன்ன அவர் குரல் கேட்டது.

"மச்சான்."

தம்பியின் கால் நின்றது. சத்தியமாக நின்றது, பலகை சொல்லும். அக்கா போட்ட சட்டம் அவன் காலைப் பிடித்துவிட்டது என்று நினைத்தேன். ஆனால் அடுத்த நொடி வேறு ஏதோ அவன் மண்டைக்குள் ஓடிவிட்டது. கதையில் உறவை உடைக்கப் போகிற நாள். மாமா அதை இரண்டு நிமிஷம் முன்னாலேயே எடுத்துக் கொடுக்கிறார். அனுபவஸ்தர், கூட்டத்தின் சூடு பார்த்து முன்னே இழுக்கிறார். நானும் தொட்டுத் தொடர வேண்டியதுதான். இப்படித்தான் நினைத்திருக்கிறான்.

"மாமாஆஆ!" என்று கூவினான்.

கூட்டம் ஒரே மூச்சை உள்ளே இழுத்தது. ஒலிபெருக்கியில் வர்ணனை சொல்கிறவர் அலறினார்: "என்ன சொன்னான்? மாமாவா? இவன் அவனுக்கு மாமாவா?" அதற்கப்புறம் வந்த சத்தத்தில் பலகையிலிருந்து இருபது வருஷத் தூசி என் தலைமேல் கொட்டியது.

கிழக்கு மூலைக் கம்பி விண்ணென்று இறுகியது. தம்பி தூண்மேல் ஏறுகிறான்.

ஸ்பேனரால் பலகையை அடித்தேன். "தாவாதடா! டேய், தாவாத!" என்று தொண்டை கிழியக் கத்தினேன். அந்த இரைச்சலில் நான் அடித்ததும் கத்தியதும் ஏழாயிரத்தோடு ஏழாயிரத்தொன்று. வெளியே ஊர்ந்து போகலாம் என்று திரும்பினேன். கால் சட்டத்தில் மாட்டிக்கொண்டது.

அப்போது கூட்டத்தின் சத்தம் மாறியது.

கூச்சல் ஒரு பக்கத்திலிருந்து அணைந்துகொண்டே வந்தது, விளக்குகளை ஒருவர் வரிசையாக அணைத்துக்கொண்டு வருகிற மாதிரி. காலை உருவிக்கொண்டு, கறுப்புத் துணியை விலக்கிப் பார்த்தேன். ஆட்டக்காரர்கள் வருகிற சரிவில் என் தங்கச்சி வந்துகொண்டிருந்தாள்.

வீட்டுச் செருப்பு. கழுத்தில் அளவு நாடா. உதட்டில் மூன்று குண்டூசி. வேலை செய்கிறபோது கவ்விக்கொள்கிறவள், எடுக்க மறந்திருக்கிறாள். திரைச்சீலை இடுக்கு வழியாக அந்த இடது கை அசையாததைப் பார்த்துவிட்டாள் போல. பதினோரு வருஷத்தில் ஒரு தடவைகூடத் திரைச்சீலைக்கு இந்தப் பக்கம் அடி எடுத்து வைக்காதவள், ஓடாமல், திரும்பிப் பார்க்காமல், தெருக்குழாய்க்குப் போகிறவள் மாதிரி நடந்து வந்தாள். காவலுக்கு நின்ற இரண்டு தடியர்கள் தாமாகவே விலகினார்கள். ஏன் விலகினோம் என்று அவர்களுக்கே இன்றுவரை தெரியாது.

திரைச்சீலைக்குப் பின்னால் கதைக்காரருக்கு ஒரு நொடி வாய் பிளந்திருக்கிறது. ஆனால் கதைக்காரர் கதைக்காரர்தான். அடுத்த நொடியே வர்ணனைக்காரரின் காதுக் கருவிக்குள் விஷயத்தைச் சொல்லிவிட்டார். "அக்கா!" என்று ஒலிபெருக்கி அதிர்ந்தது. "மின்வெட்டின் அக்கா! கருங்கல்லின் மனைவி!"

கீழ்க்கயிற்றை ஒரு கையால் தூக்கிக்கொண்டு அவள் மேடைக்குள் நுழைந்தாள். எட்டாம் பலகை. ஒன்பதாம் பலகை. மண்டியிட்டாள்.

நான் திரும்ப உள்ளே ஊர்ந்து அவர்களுக்கு நேர் கீழே வந்துவிட்டேன். அதற்கப்புறம் என் கண்ணில் படாததைப் பிற்பாடு அவர்கள் சொல்லித் தெரிந்துகொண்டேன்.

"கேக்குதா?" என்றாள்.

"கேக்குது" என்றார் மாப்பிள்ளை. "இடது பக்கம் மட்டும் யாரோ கழட்டி வச்ச மாதிரி இருக்கு. அவனை எறக்கு. என்னால பிடிக்க முடியாது."

தூண் உச்சியில் நிற்கிறவனுக்கு இவள் எப்படிச் சொல்லுவாள்? மாமா என்ற வார்த்தை போய்விட்டது. மச்சான் என்ற வார்த்தை போய்விட்டது. தம்பி என்று கூப்பிட்டால் அதுவும் கதை. உறவுமுறை அத்தனையையும் கூட்டம் வாங்கிக்கொண்டுவிட்டது.

அவர் இடது கையைப் பிடித்து உயரத் தூக்கினாள். விட்டாள்.

விழுந்தது.

"ஒண்ணு!" என்றது கூட்டம்.

ஆட்டம் பார்க்கிறவர்களுக்கு இது பழக்கமான கணக்கு. மயங்கிக் கிடக்கிறவன் கையை நடுவர் மூன்று தடவை தூக்கி விடுவார். இரண்டு தடவை விழும். மூன்றாவது தடவை நடுங்கிக்கொண்டே அந்தரத்தில் நிற்கும், ஆள் உயிர்த்தெழுவான், கூட்டத்துக்குப் பைத்தியம் பிடிக்கும். என் தங்கச்சிக்கு இந்தக் கணக்கெல்லாம் மனதில் இல்லை. மேலே நிற்கிறவன் பார்க்கட்டும் என்றுதான் தூக்கினாள். மறுபடி தூக்கினாள். விட்டாள்.

"ரெண்டு!"

நடுவர் குறுக்கே வரவில்லை. வர்ணனைக்காரர் பேசவில்லை. மூன்றாவது தடவை அவள் அந்தக் கையைத் தூக்கியபோது, ஏழாயிரம் பேர் இருக்கிற அந்தக் கூரைக்கடியில் மின்விசிறி சுற்றுகிற சத்தம் கேட்டது. எல்லாரும் அந்தக் கை நிற்கும் என்று காத்திருந்தார்கள். திட்டித் தீர்த்த வில்லன் கைதான். எட்டு மாதம் அவன்மேல் காகித டம்ளர் எறிந்தவர்கள்தான். நிற்கட்டும், நிற்கட்டும் என்று ஏழாயிரம் பேரும் நாற்காலி நுனிக்கு நகர்ந்ததை நான் பலகைக்கு அடியிலிருந்து உணர்ந்தேன். அப்படி ஒரு மௌனத்தைத் தூக்கிச் சுமந்தால் எந்தப் பலகையும் தாங்காது.

விட்டாள்.

சின்னச் சத்தம். ஈரத்துணி ஒன்று கொடியிலிருந்து நழுவி விழுந்த மாதிரி.

யாரும் மூன்று என்று சொல்லவில்லை.

கிழக்கு மூலைக் கம்பி மெல்ல மெல்லத் தளர்ந்தது. தம்பி தாவாமல், ஒவ்வொரு கயிறாகக் கால் வைத்து, ஏணியில் இறங்குகிற மாதிரி இறங்கினான். ஐந்து அடி நடந்தான். முழங்கால் இரண்டும் பலகையைத் தொட்டன. அப்புறம் அவன் சொன்னது, இந்தத் தடவை நிஜமாகவே, அந்த வார்த்தை.

"மாமா."

முன்னே கூவினதற்கும் இதற்கும் நடுவே மூன்று நிமிஷம்கூட இல்லை. எழுத்து அதேதான். ஆனால் இதைக் கேட்டு என் கையிலிருந்த ஸ்பேனர் நழுவிவிட்டது.

"கழுத்தை ஆட்டாதீங்க மாமா. நான் இருக்கேன்."

"சீக்கிரம் முடிடா" என்றார் அவர். "ஜனம் காத்திருக்கு. கூரை போட்டுட்டு எறங்கு."

தம்பி தன் உள்ளங்கையை, இலையை வைக்கிற மாதிரி, அவர் நெஞ்சில் வைத்தான். நடுவர் குப்புறப் படுத்து மூன்று எண்ணினார். மணி அடித்தது. கருங்கல் தோற்றார். எழுதின முடிவு எழுதினபடியே வந்துவிட்டது, தாவல் மட்டும் இல்லாமல்.

கைதட்டல் உடனே வரவில்லை. முதலில் எழுந்து நின்றார்கள். ஒரு நாற்காலி, பத்து, அப்புறம் கரை உடைந்த மாதிரி எல்லாம். துணி இடுக்கில் எனக்கு மூன்றாவது வரிசை தெரிந்தது. தக்காளி நிறுக்க மாட்டேன் என்ற அந்த அம்மா இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். தூக்குப்படுக்கையில் கழுத்துக்குப் பட்டை போட்டு மாப்பிள்ளையைக் கொண்டுபோகிறபோது யாரோ ஆரம்பித்தார்கள். வெட்டு வெட்டு என்று கத்துகிற அதே தாளத்தில், ஆனால் கீழ்க்குரலில்: "அக்கா. அக்கா. அக்கா."

மேடைமேல் உறவு சொன்னால் அது நிஜம். எங்கள் வீட்டுச் சட்டம் அவர்களுக்கு எப்படித் தெரிந்தது?

* * *

முதலுதவி அறை படிக்கட்டுக்கு அடியில் இருக்கிறது. கம்பெனி டாக்டர் கண்ணில் விளக்கடித்துப் பார்த்தார். காலைத் தட்டினார், கால் அசைந்தது. வலது கை அசைந்தது. "பெரிய ஆஸ்பத்திரிக்கு வண்டி சொல்லியிருக்கேன். படம் எடுக்காம ஒண்ணும் சொல்ல முடியாது" என்று போனைத் தூக்கிக்கொண்டு வெளியே போனார்.

தம்பி உள்ளே வந்தான். இன்னும் ஜிகினா உடை. உடம்பெல்லாம் மினுமினுத்தது, முகம் மட்டும் செத்திருந்தது.

"பூட்ஸுக்குப் பட்டை" என்றான். "கை பாக்கெட்டுக்குள்ள. எனக்கு மூளை இருந்திருக்கணும். யார் யாருக்குத் தெரியும்?"

என் பக்கம் திரும்பினான்.

"அண்ணே, உனக்கு?"

"தெரியும்டா."

"அக்கா?"

அவள் அப்போதுதான் உதட்டிலிருந்த குண்டூசிகளை எடுத்தாள்.

"அப்ப எல்லாருமாச் சேந்து ஒரு கதை எழுதியிருக்கீங்க. எனக்கு மட்டும் பேப்பர் குடுக்கல." குரல் உடைந்தது. "நான் தாவியிருந்தா என்ன ஆயிருக்கும்? சொல்லுங்க. மச்சான்னு கூப்பிட்டாரு, அதைப் போய் நடிப்புன்னு நெனச்சேனே. பொய் சொல்றதுக்கும் ஒரு அளவு வேணாமா? வீட்டுக்குள்ளயுமா?"

"நான்தான்டா சொல்ல வேணாம்னேன்" என்றார் மாப்பிள்ளை, கூரையைப் பார்த்துக்கொண்டு. கழுத்துப் பட்டையில் தலையைத் திருப்ப முடியவில்லை. "திட்டறதுன்னா இப்படி வந்து என் மூஞ்சிக்கு நேரா நின்னு திட்டு. வா. கையைக் குடு."

மேடையில் அவர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. ஒவ்வொரு விழுதலுக்கும் அப்புறம், யாருக்கும் தெரியாமல், ஒருத்தர் கையை ஒருத்தர் ஒரு தடவை அழுத்துவார்கள். நான் நல்லா இருக்கேன் என்று அர்த்தம். தம்பி படுக்கையின் இடது பக்கம்தான் நின்றுகொண்டிருந்தான். அந்தக் கையை எடுத்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டான்.

"அழுத்துங்க மாமா."

"அழுத்திட்டுதான்டா இருக்கேன்."

நான் பார்த்தேன். தங்கச்சி பார்த்தாள். ஒரு விரலும் அசையவில்லை. எங்கேயோ நரம்புக்குள் அவர் முழுப் பலத்தையும் போட்டு அழுத்திக்கொண்டிருக்கிறார். நெற்றியில் வேர்வைகூட அரும்பியிருக்கிறது. விரல்களுக்குத் தகவல் வரவில்லை.

தம்பி அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தான். அப்புறம், எட்டு மாதம் ஏழாயிரம் பேரை நம்ப வைத்த அந்த முகம் மெதுவாக ஒரு சுளிப்புச் சுளித்தது.

"ஆ! மாமா! போதும், விடுங்க. எலும்பை நொறுக்கிடுவீங்க போல!"

"பாத்தியா? கருங்கல்டா!" என்று மாப்பிள்ளை சிரித்தார்.

என் தம்பி ஆடினதிலேயே பெரிய ஆட்டம் அதுதான். மூன்றே பேர் பார்த்தோம், அதில் ஒருவருக்குத் தான் பார்க்கிறது ஆட்டம் என்றே தெரியாது. ஒரு நிமிஷம் முன்னால் எங்களைக் கேட்ட கேள்விக்கு அவனே பதில் எழுதிவிட்டான். நான் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டேன்.

கதவை யாரோ மெதுவாகத் தட்டினார்கள். கதைக்காரர். கண்ணாடி நெற்றியில், கையில் பென்சிலால் எழுதின தாள். "இப்ப வரக் கூடாதுதான்" என்றார். "ஆனா வெளியே ஜனம் கலையல. அக்கா அக்கான்னு நிக்குது. அடுத்த ஞாயிறுக்கு அவங்க ஒரு தடவை மேடைக்கு வந்து ரெண்டு வார்த்தை..."

தங்கச்சி அதைக் காதில் வாங்கவில்லை. தம்பி கீழே வைத்த அந்த இடது கைக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். மாப்பிள்ளை மச்சானிடம் ஏதோ வம்பு பேசிச் சிரித்துக்கொண்டிருந்தார். அவள் கையிலிருந்த குண்டூசிகளில் ஒன்றைப் பிரித்தெடுத்தாள். போன வாரம் குத்தின அதே சுட்டுவிரல். நுனியில் வைத்தாள். மூச்சைப் பிடித்துக்கொண்டாள்.

குத்தினாள்.

மாப்பிள்ளையின் சிரிப்பு பாதியில் நின்றது.

"யாருடா அது," என்றார் கூரையைப் பார்த்தபடியே, "கிள்ளறது?"